புல்லியில் ஒரு சிவப்புப் பொட்டு

12 ஜூன் 2024, புதன்கிழமை, காலை 6.40. சாவியைத் திருகிய எண்ணிக்கை: பதினொன்று.

பதினோராவது தடவைதான் பிடித்தது. பிடித்ததும் இருமியது, நடுங்கியது, சைலன்சர் வழியாக ஒரு கறுப்பு மூச்சு விட்டது, அடங்கியது. 1986 மாடல் பத்மினி கார். அக்கா சுகந்தியின் வண்டி. மேட்டுப்பாளையத்தில் எங்கள் வீட்டுக்குப் பின்னால் அக்கா நாற்றுப் பண்ணை வைத்திருக்கிறாள். சிறுமுகை, காரமடை, மலைமேல் கோத்தகிரி என்று நாற்றுகள் இதில்தான் போகின்றன. பின் சீட்டைக் கழற்றிவிட்டுப் பலகை போட்டிருக்கிறாள். உள்ளே எப்போதும் செம்மண் வாசம்.

"பாயிண்ட் தேஞ்சு போச்சுடா லோகு. அதை மட்டும் மாத்திக் குடு. மத்ததுல கை வெக்காதே."

மற்றதில் கை வைக்காதேயாம்! சென்னைக்கு வெளியே ஒரு கார் கம்பெனியின் சோதனைக்கூடத்தில் நாலு வருடமாக என் வேலையே இதுதான். இன்ஜினுக்குள் பொறி எந்தக் கணத்தில் விழ வேண்டும் என்று முடிவு செய்கிறவன் நான். நாற்று விற்கிறவள் எனக்கு எல்லை போடுகிறாள்.

வண்டி 22ஆம் தேதி, சனிக்கிழமை, நூற்றிருபது சில்வர் ஓக் நாற்றோடு கோத்தகிரியில் ஒரு பள்ளிக்கூடத்துக்கு ஏற வேண்டும். பத்து நாள் இருக்கிறது. எனக்கு இரண்டு நாள் போதும்.

எனக்கு விடுமுறை பன்னிரண்டு நாள். நான் கேட்கவில்லை, கம்பெனி கொடுத்தது. 24ஆம் தேதி காலை பத்து மணிக்கு விசாரணை. போன மாதம் சோதனை மேடையில் ஒரு புது இன்ஜின் போய்விட்டது. பிஸ்டனில் ஓட்டை. அளக்கும் கருவியை மாட்டியவர் டெக்னீஷியன் மகிமைநாதன். அவர் தப்பாக மாட்டினார் என்று அறிக்கை கொடுத்துவிட்டேன். அவருக்கு மெமோ போயிருக்கிறது. விசாரணையிலும் நான் அதையே சொன்னால் அவர் வேலை போகும் என்கிறார்கள். அதைப் பற்றி இதில் எழுத ஒன்றும் இல்லை.

வண்டிக்கு வருவோம்.

13 ஜூன், வியாழன்

பிரமாதமான நாள்!

காலை ஏழரைக்கு பானட்டைத் திறந்தேன். வேலை தொடங்குவதற்கு முன் எல்லாவற்றையும் படம் எடுப்பது சோதனைக்கூடப் பழக்கம். இருபத்து மூன்று படங்கள் எடுத்தேன். பிறகு பிளக்குகளுக்கு மின்சாரம் பிரித்து அனுப்புகிற டிஸ்ட்ரிபியூட்டரின் மூடியைக் கழற்றினேன். மின்சாரத்தை வெட்டிப் பொறி உண்டாக்குகிற பாயிண்ட் இரண்டும் கருகி, ஒன்றில் மேடு, ஒன்றில் பள்ளம். இடைவெளி இல்லவே இல்லை. அக்கா சொன்னது அந்த மட்டில் சரி. புதுசு போட்டு, இடைவெளியைத் தகட்டு அளவுகோலால் அளந்து வைத்தேன்.

அவள் அதோடு நிறுத்தச் சொன்னாள். பாயிண்டை மாற்றிவிட்டு டைமிங் பார்க்காமல் விடுகிறவன் இன்ஜினியரா?

பிஸ்டன் மேலேறி உச்சியைத் தொடுவதற்குச் சற்று முன்னால் பொறி விழ வேண்டும். இந்த வண்டிக்குப் பத்து டிகிரி முன்னால். பிந்தினால் வண்டி சோம்பேறி. முந்தினால், மேலே வருகிற பிஸ்டனின் தலையில் நெருப்பு சுத்தியலால் அடிக்கும். உச்சி எங்கே என்று தெரிந்துகொள்ள இன்ஜின் தண்டின் முனையில் சுற்றுகிற கிராங்க் புல்லியின் விளிம்பில் ஒரு காடி, சின்னப் பள்ளம், வெட்டியிருக்கும். எதிரே இன்ஜின் கவரில் மூன்று கோடுகள்: 10, 5, 0. காடி எந்தக் கோட்டுக்கு நேரே இருக்கும்போது பொறி விழுகிறதோ அதுதான் டைமிங். இவ்வளவுதான் விஷயம்.

காடி முழுக்க எண்ணெய்ப் பிசுக்கு. அதற்கு ஒன்றரை சென்டிமீட்டர் தள்ளி, விளிம்பில், சிவப்பாக ஒரு பொட்டு. நெயில் பாலிஷ்! எங்கிருந்து சொட்டியதோ. தின்னரில் துணியை நனைத்து இரண்டையும் பளிச்சென்று துடைத்தேன். காடியில் வெள்ளை பெயிண்ட் வைத்தேன். ஒவ்வொரு பொறிக்கும் ஒரு முறை மின்னுகிற டைமிங் லைட்டை மாட்டி வண்டியைக் கிளப்பினேன்.

இதை எத்தனை தடவை பார்த்தாலும் எனக்கு அலுக்காது. நிமிடத்துக்கு எண்ணூறு சுற்று சுற்றுகிற புல்லி, லைட் வெட்டுகிற வெட்டில் அப்படியே உறைந்து நிற்கும். வெள்ளைக்கோடு அந்தரத்தில் நிற்கும். காடி 0-வைக்கூடத் தாண்டி நின்றது. டிஸ்ட்ரிபியூட்டரை ஒரு மயிரிழை திருப்பினேன். கோடு நகர்ந்தது. இன்னும் ஒரு மயிரிழை. 10-இல் நிறுத்தி போல்ட்டை முறுக்கினேன். சத்தம் அப்படியே ஏறியது, குரல் உடைந்த பையன் பாட ஆரம்பித்த மாதிரி.

அம்மா வாசலுக்கு வந்து பார்த்துவிட்டு, "என்ன கண்ணு, இத்தன வேகமா ஓடுது, பிரேக்கு இருக்குதா?" என்றாள். நின்றுகொண்டிருக்கிற வண்டிக்கு!

14 ஜூன், வெள்ளி

ஒரே திருகு. பிடித்தது.

மகிமைநாதனிடமிருந்து மிஸ்டு கால் இரண்டு.

15 ஜூன், சனி

அக்கா காரமடை போய் வந்தாள். கடைவீதியில் பத்து நிமிடம் நிறுத்தி, சூட்டோடு மறுபடி கிளப்பும்போது இன்ஜின் "எத்துது" என்கிறாள். ஸ்டார்ட்டர் சுற்றும்போதே உள்ளிருந்து எதிரடி வருகிறதாம். நானும் பார்த்தேன். டக் என்று ஒரு முட்டு. பேட்டரி வீக். சார்ஜ் போட்டேன்.

அக்கா வெற்றிலைக்கொடிக் கன்றுகளுக்குத் தண்ணீர் விட்டுக்கொண்டே என்னை ஒரு பார்வை பார்த்தாள். பதில் சொல்லத் தேவையில்லாத பார்வை.

16 ஜூன், ஞாயிறு

வெள்ளோட்டம். நாற்றுகளுக்குப் பதில் நாலு மூட்டை செம்மண். நான் ஓட்டினேன், அக்கா பக்கத்தில். சமவெளியில் என்ன ஓட்டம்! அவளே "பரவால்லடா" என்றாள். எழுதி வைக்கிறேன்: பரவால்லடா, காலை 7.15.

மலைப்பாதை தொடங்கிய முதல் ஏற்றத்திலேயே சத்தம் வந்துவிட்டது. கிர்ர் என்று, உலோகத்துக்குள் ஏதோ சிதறுகிற மாதிரி.

"கடுகு தாளிக்குதுடா உன்ற இன்ஜின்."

"கியரை மாத்தினா போயிரும்."

போகவில்லை. மூன்றாவது கொண்டை ஊசி வளைவில் இரண்டாம் கியரிலும் கடுகு. பின்னால் பஸ்காரன் ஹாரனிலிருந்து கையை எடுக்கவே இல்லை. கடக்கும்போது ஜன்னலில் தலையை நீட்டி, "தம்பி, வண்டிய இங்கயே நட்டுட்டுப் போயிருங்க, பூ பூக்கும்!" என்றான். மூட்டைகளைப் பார்த்துவிட்டான் போலிருக்கிறது. அக்கா வெட்கமே இல்லாமல் சிரித்தாள்.

ஐந்தாவது வளைவில் வெப்பமுள் சிவப்புக்குப் போனது. திருப்பிவிட்டோம். இறங்கும்போது அக்கா கேட்டாள், "பாயிண்டு மட்டுந்தான மாத்தினே?"

"டைமிங்கும் வெச்சேன். கரெக்டா பத்து டிகிரி. லைட்ல பாத்தேன்."

"சத்தம் கேக்குதில்ல?"

"சத்தத்தை வெச்சு டைமிங் சொல்ல முடியாதுக்கா. அளவுன்னு ஒண்ணு இருக்குது."

இதை முன்னால் யாரிடமோ சொல்லியிருக்கிறேன் என்று தோன்றியது. தோன்றட்டும்.

17 ஜூன், திங்கள்

பக்ரீத். பாதிக் கடைகள் மூடல். கடுகுச் சத்தத்துக்குக் காரணம் பெட்ரோல்தான். இப்போது வருகிற பெட்ரோலில் கலக்கிறதெல்லாம் கலந்து, பழைய இன்ஜினுக்குத் தாங்கவில்லை. டேங்கை வடித்து, விலை அதிகமான பெட்ரோலை ஊற்றினேன். சாயங்காலம் கல்லாறு வரை ஓட்டினேன்.

கடுகு.

18 ஜூன், செவ்வாய்

கார்புரேட்டரைப் பிரித்திருந்தேன். இரண்டு கையிலும் பெட்ரோல். திண்டின் மேல் போன் அடித்தது. எடுக்காதே என்று நான் கத்துவதற்குள் அக்கா எடுத்துவிட்டாள்.

"அவன் அக்கா பேசறனுங்க... ஆமாங்க, இங்கதான் இருக்கறான், கை பூரா எண்ணெ... சாப்பிட்டானுங்க... காரா? பழைய பத்மினிங்க... அய்யோ, அதையேன் கேக்கறீங்க, மலை ஏற மாட்டேங்குது... சரிங்க... சொல்றனுங்க."

வைத்துவிட்டு என்னைப் பார்த்தாள். "மகிமைநாதனாம். யாருடா அவரு? குரல்ல அம்பது வயசு இருக்குது, உன்னைய சாருங்கறாரு."

"டெக்னீஷியன்."

"நீ போனே எடுக்கறதில்லையாம். வாய்ஸ் மெசேஜ் போட்டிருக்காராம், சமயம் கெடைக்கறப்ப கேக்கச் சொன்னாரு. வண்டி மலையேறலைன்னதும், 'சார் பாத்துப்பாரும்மா, சாருக்கு அது விளையாட்டு மாதிரி'ங்கறாரு." போனைத் துடைத்துத் திண்டில் வைத்தாள். "நல்ல மனுசனாத் தெரியறாரு."

"ஒரு இன்ஜினைக் கெடுத்தாரு."

"அவரா?"

"ரிப்போர்ட்ல அப்படித்தான் இருக்குது."

"ரிப்போர்ட்டை எழுதினது?"

நான் கார்புரேட்டரின் பித்தளை ஜெட்டை வாயில் வைத்து அதன் துளையை ஊதிக்கொண்டிருந்தேன். வாயில் ஜெட் இருக்கும்போது பேச முடியாது.

முழுமைக்காக எழுதி வைக்கிறேன். கிராங்க் இப்போது எத்தனை டிகிரியில் நிற்கிறது என்று கணினிக்குச் சொல்கிற கருவியை அன்று கழற்றி மாட்டினோம். மாட்டியது மகிமைநாதன். அதற்குப் பிறகு அவர் ஏதோ சொன்னார் என்பது உண்மை. நிறையப் பேர் நிறையச் சொல்வார்கள்.

19 ஜூன், புதன்

கார்புரேட்டர் சுத்தம். பிளக் நான்கும் புதுசு. குளிர்நீர்க் குழாய் ஒன்று மாற்றம். கடுகு மட்டும் மாறவில்லை.

சனிக்கிழமைக்கு மூன்று நாள். அக்கா ஒரு வாடகை வேனுக்குச் சொல்லி வைக்கவா என்று கேட்டாள். வேண்டாம் என்று கத்திவிட்டேன். அவள் பானட்டுக்குள் எட்டிப் பார்த்தாள். குனிந்து, புல்லியை வெறுங்கையால் பிடித்துச் சுற்றப் பார்த்தாள். விளிம்பைத் தடவினாள்.

"இங்கிருந்த செவப்பு எங்கடா?"

"என்ன செவப்பு? நெயில் பாலிஷா? தொடைச்சிட்டேன்."

"தொடைச்சிட்டே."

"தின்னர் போட்டு."

"தின்னர் போட்டு." ஒவ்வொன்றையும் திருப்பிச் சொன்னாள். பிறகு சேலைத் தலைப்பில் கையைத் துடைத்துக்கொண்டு பண்ணைப் பக்கம் போய்விட்டாள். போகும்போது தனக்குத்தானே, "நாலு வருசம் படிச்சு, நாலு வருசம் வேலை பாத்து..." என்றாள். மீதியைச் செடிகளிடம் சொல்லியிருப்பாள்.

ஏன் என்று நான் கேட்கவில்லை. நேரமில்லை.

சாப்பிடும்போதும் அம்மாவிடம் அதே 'நாலு வருசம்'தான். சரி. நாளைக்கு நிரூபிக்கிறேன். அசல் உச்சியை நேரடியாகக் கண்டுபிடித்து, காடி சரியாகத்தான் இருக்கிறது என்று காட்டிவிடுகிறேன். அவள் வாயை மூட அதைவிட நல்ல வழி கிடையாது.

20 ஜூன், வியாழன், பகல் 11.20

கையில் கிரீஸோடு எழுதுகிறேன். எழுத்து கோணலாக வந்தால் வரட்டும்.

ஒன்றாம் நம்பர் பிளக்கைக் கழற்றினேன். விளக்குமாற்றிலிருந்து நல்ல நேரான ஈர்க்கு ஒன்று உருவி, துளை வழியாகப் பிஸ்டன் தலைமேல் நிறுத்தினேன். கிராங்கைக் கையால் மெதுவாகச் சுற்றினால் ஈர்க்கு மேலே வரும், உச்சியில் நிற்கும், இறங்கும். உச்சியில் பிஸ்டன் தயங்கும், அதனால் சரியான இடம் கண்ணுக்குப் பிடிபடாது. அதற்கு வழி இருக்கிறது. ஈர்க்கில் பேனாவால் ஒரு கோடு போட வேண்டும். ஏறும்போது அந்தக் கோடு பிளக் துளையின் விளிம்புக்கு வருகிற இடத்தில் புல்லியில் ஒரு குறி, இறங்கும்போது அதே கோடு வருகிற இடத்தில் இன்னொரு குறி. இரண்டுக்கும் நட்டநடு மையம்தான் உச்சி. கல்லூரியில் இரண்டாம் வருடம் படித்தது.

அப்படியே செய்தேன். காகிதப் பட்டையை விளிம்பில் சுற்றி, மடித்து, மையத்தைப் பிடித்தேன். பென்சிலால் கோடு போட்டேன். காடியைத் தேடினேன்.

காடி அங்கே இல்லை!

மறுபடி செய்தேன். ஈர்க்கை மாற்றினேன். மூன்றாவது தடவையும் செய்தேன். மூன்று தடவையும் ஒரே இடம். காடியிலிருந்து ஒன்றரை சென்டிமீட்டர். இந்தப் புல்லிக்கு அது பன்னிரண்டு டிகிரி. நான் பத்து டிகிரி என்று வைத்தது அசலில் இருபத்திரண்டு! ஐயோ, வேறென்ன செய்யும் பாவம்? சூட்டில் எத்தாதா? ஏற்றத்தில் கடுகு தாளிக்காதா? ஒரு வாரமாக ஒவ்வொரு அறிகுறியும் என் முகத்துக்கு நேராக அதைத்தான் சொல்லிக்கொண்டிருந்தது. பேட்டரி என்றேன். பெட்ரோல் என்றேன். கார்புரேட்டர் என்றேன்.

பிறகுதான் போனை எடுத்து 13ஆம் தேதிப் படங்களைப் பார்த்தேன். பதினேழாவது படம். பெரிதாக்கினேன். காடி, ஒன்றரை சென்டிமீட்டர், சிவப்புப் பொட்டு.

என் பென்சில் கோடும் அந்தப் பொட்டும் ஒரே இடம். ஒரு மில்லிமீட்டர்கூட வித்தியாசம் சொல்ல முடியாது.

"அக்கா!" என்று நான் போட்ட சத்தத்தில் பக்கத்து வீட்டு நாய் குரைத்தது. கையில் மண்வெட்டியோடு ஓடி வந்தாள். நான் படத்தையும் புல்லியையும் மாற்றி மாற்றிக் காட்டினேன்.  அவளுக்கு விளக்கம் தேவைப்படவில்லை.

"கண்டுபுடிச்சிட்டியா?"

"நீ வெச்சதா?"

"பின்ன, புல்லிக்கு நகம் இருக்குதா?"

ஐந்து வருடம் முன்னால் பழைய புல்லி உடைந்ததாம். புதுசு எங்கும் கிடைக்கவில்லை. கோயமுத்தூரில் ஒரு லேத் பட்டறையில் கடைந்து வாங்கியிருக்கிறாள். "பழசுல ஒரு காடி இருந்துச்சில்ல, அதனால இதுலயும் அவங்களா ஒண்ண வெட்டிப் போட்டாங்க. அழகா இருக்கட்டும்னு." நான் கம்பெனி வெட்டிய காடி என்று ஒரு வாரமாகக் கும்பிட்ட காடி அதுதான்! பட்டறைக்காரர் அலங்காரத்துக்கு வெட்டியது! இரும்பில் வெட்டியிருந்ததால் நம்பினேன். நெயில் பாலிஷில் இருந்ததால் துடைத்தேன்.

"எப்படிக் கண்டுபுடிச்சே உச்சிய?"

"ஈர்க்குலதான். மேல போயி கொஞ்ச நேரம் நின்னுட்டுத்தான் எறங்குது, எடம் புடிபடல. அதனால ஏறயில ஒரு கோடு, எறங்கயில ஒரு கோடு, நடுவுல ஒரு பொட்டு."

நான் மூச்சை இழுத்துக்கொண்டேன். "யார் சொல்லிக் குடுத்தாங்க?"

"இதை என்ன சொல்லிக் குடுக்கறது? ஒரு நாள் பூரா ரோசனை பண்ணினேன். எங்கிட்ட யாரு டைமிங் லைட்டுக் குடுத்தா?"

"ஏன்க்கா ஒரு வார்த்தை சொல்லல?"

"சொன்னனேடா. மத்ததுல கை வெக்காதேன்னு மொத நாளே சொன்னேன். ஏன்க்கான்னு கேட்டியா நீ? செவப்பு எங்கேன்னு நேத்துக் கேட்டேன். அப்பவாச்சும் ஏன்னு கேட்டியா?"

கேட்கவில்லை.

அதே நாள், மாலை 4

டைமிங்கை மாற்றவில்லை இன்னும். முதலில் ஒன்றை எழுத வேண்டும். வண்டி காத்திருக்கட்டும்.

மே 9, சோதனை மேடை. கருவியைக் கழற்றி மாட்டினோம். கழற்றி மாட்டினால் இன்ஜினை நெருப்பில்லாமல் சுழற்றி, கருவி சொல்கிற உச்சியும் அசல் உச்சியும் ஒன்றுதானா என்று சரிபார்க்க வேண்டும். பத்து நிமிட வேலை. அதைச் செய்யச் சொல்ல வேண்டியவன், செய்ததாகக் கையெழுத்துப் போட வேண்டியவன், பொறுப்பான இன்ஜினியர். நான். மறுநாள் முடிவுகளைக் காட்ட வேண்டும் என்ற அவசரம். செய்யாமலே கையெழுத்துப் போட்டேன்.

திரையில், நெருப்பு பிந்திப் பிடிக்கிறது என்று காட்டியது. பொறியை முன்னால் தள்ளினேன். இன்னும் பிந்தியே காட்டியது. இன்னும் தள்ளினேன். மகிமைநாதன் காதில் ஹெட்போனை மாட்டிக்கொண்டு நின்றிருந்தார். ஒரு பக்கத்தைக் கழற்றிவிட்டு அவர் சொன்னது, வார்த்தை பிசகாமல்:

"சார், சத்தம் சரியில்ல சார். உச்சிய ஒருக்கா பாத்துருவமா? பத்து நிமிசந்தான்."

நான் சொன்னது, வார்த்தை பிசகாமல்: "சத்தத்தை யார்ண்ணே அளக்கறது? ஸ்கிரீனைப் பாருங்க."

பதினான்கு நிமிடம் கழித்து இன்ஜின் போனது.

அறிக்கையில் மூன்றாவது பத்தியில் நான் எழுதியது: கருவி தவறாகப் பொருத்தப்பட்டிருந்தது, பொருத்தியவர் மகிமைநாதன். இரண்டுமே பொய் இல்லை. அதுதான் அந்தப் பத்தியின் சாமர்த்தியம்.

21 ஜூன், வெள்ளி

காலையிலேயே டைமிங் வைத்தேன். அக்கா அலமாரியிலிருந்து நெயில் பாலிஷ் குப்பியைக் கொண்டுவந்து நீட்டினாள். அடியில் கொஞ்சம்தான் இருந்தது. பொட்டை அவளையே வைக்கச் சொன்னேன். லைட்டை நான் பிடித்தேன். சிவப்பு 10-இல் வந்து நின்றது. அசையவில்லை.

"ஏறயில எப்படியும் கொஞ்சம் முன்னப்பின்ன பாக்கோணும்," என்றாள். "நான் காது குடுத்துட்டு வரேன்."

"வா. நானும் குடுக்கறேன்."

மத்தியானம் தனியாக உட்கார்ந்து அந்த வாய்ஸ் மெசேஜைக் கேட்டேன். நாற்பத்தொரு வினாடி. கெஞ்சுவார், அல்லது திட்டுவார் என்று நினைத்து மூன்று நாளாகக் கேட்காமல் இருந்தேன். அவர் பேசியது இதுதான்:

"சார், மகிமைநாதன் பேசுதேன். அந்த இன்ஜினை என்னையே கழட்டச் சொன்னாவ. கழட்டிட்டேன் சார். மூணாம் நம்பர் பிஸ்டன், நடுவுல ஓட்டை, ஒரு ரூவா அகலம். அப்புறம் கருவியை இன்ஜினோட இணைக்கிற கப்ளிங்கைப் பாத்தா, உள்ள ஸ்க்ரூ விரிசல் விட்டு ஆறு டிகிரி நழுவியிருக்கு சார்! நான் முறுக்குன குறி அப்படியே இருக்கு, உள்ள மட்டும் நழுவியிருக்கு. காரணம் கெடைச்சிட்டு சார். உங்களுக்குத்தான் மொதல்ல சொல்லணும்னு தோணிச்சு. பிஸ்டனைத் தனியா எடுத்து வெச்சிருக்கேன். வந்து பாருங்க."

ஆறு டிகிரி! கேட்டதும் எனக்குள் முதலில் எழுந்தது வெட்கம் இல்லை, சந்தோஷம். அப்படியானால் திரை ஆறு டிகிரி பிந்திக் காட்டியிருக்கிறது, சத்தம் சொன்னதுதான் சரி, எல்லாம் பொருந்துகிறது என்று துள்ளிவிட்டேன். துள்ளிய பிறகுதான் உறைத்தது. வேலை போகப் போகிற மனிதர். என்னைப் போலவே துள்ளியிருக்கிறார். துள்ளியதும் என்னைத்தான் தேடியிருக்கிறார்.

22 ஜூன், சனி

ஏறிவிட்டது!

காலை 6.05. ஒரே திருகு. நூற்றிருபது சில்வர் ஓக், நானும் அக்காவும். மூன்று ஜன்னல் வழியாகவும் இலைகள் வெளியே தலையை நீட்டிக்கொண்டிருந்தன, பள்ளிக்கூடச் சுற்றுலா மாதிரி. முதல் ஏற்றத்தில் இரண்டு பேரும் மூச்சைப் பிடித்துக்கொண்டோம். மூன்றாவது வளைவில், மிதிக்கும்போது மட்டும், மிக லேசாக, ஒரு கடுகு. இரண்டு பேருக்கும் ஒரே நேரத்தில் கேட்டது. "கேட்டுதா?" என்று ஒரே நேரத்தில் கேட்டோம்.

ஓரம் கட்டினேன். பனிமூட்டத்தில் பானட்டைத் திறந்து, போல்ட்டைத் தளர்த்தி, டிஸ்ட்ரிபியூட்டரை ஒரு நகக்கண் அளவு திருப்பினேன். எவ்வளவு என்று லைட் வைத்து அளக்கவில்லை. அக்கா, "போதும்" என்றாள். எனக்கும் போதும் என்றுதான் தோன்றியது.

அதற்குப் பிறகு கடுகே இல்லை. ஐந்தாவது வளைவு தாண்டியபோது நான் ஸ்டீயரிங்கில் தட்டினேன். அக்கா, "ஓட்டறதப் பாருடா," என்றாள். வெப்பமுள் நடுவிலேயே நின்றது. பள்ளிக்கூட வாசலில் பிள்ளைகள் நாற்றை இறக்கும்போது வாட்ச்மேன் வண்டியைச் சுற்றிவந்து, "ஏனுங், இது தானா ஏறி வந்துதா, தள்ளிக்கிட்டு வந்தீங்களா?" என்று கேட்டார்.

"தானா வந்துச்சுங்க," என்றாள் அக்கா. "இவனைத்தான் ஒரு வாரம் தள்ள வேண்டியிருந்துச்சு."

இறங்கும் வழியில், தேயிலைச் சரிவு முடிகிற இடத்தில் வண்டியை நிறுத்தி, அவளிடம் எல்லாவற்றையும் சொன்னேன். மே 9 முழுவதும். 

"உண்மைய எழுதினா உன் வேலை போயிருமா?"

"போகலாம்."

"எழுதலேன்னா அவரு வேலை."

"ஆமா."

"அப்புறம் எதுக்குடா வண்டிய நிறுத்தினே? போ, ரயிலுக்கு நேரமாகுதில்ல."

"ரயில் நாளைக்குக்கா."

"அப்ப இன்னிக்கே எழுதி வெச்சிரு."

23 ஜூன், ஞாயிறு, மாலை 5.30. பழைய அறிக்கையில் மாற்ற வேண்டிய பத்திகள்: ஒன்று. மாற்றியாயிற்று.

எழுதி முடிக்க மூன்று மணி நேரம். இப்போது அந்தப் பத்தியில் இருப்பது: "கருவியைக் கழற்றி மாட்டிய பின் செய்ய வேண்டிய உச்சிச் சோதனையைச் செய்யாமலே, செய்ததாக நான் கையெழுத்திட்டேன். ஓட்டத்தின்போது திரு. மகிமைநாதன் சத்தம் சரியில்லை என்று எச்சரித்து, சோதனையைச் செய்யலாம் என்று கேட்டார். நான் மறுத்தேன். தவறு என்னுடையது." நான்கு வாக்கியம். மேலாளருக்கும் விசாரணைக் குழுவுக்கும் 5.10-க்கு அனுப்பிவிட்டேன். 5.14-க்கு மேலாளர் கூப்பிட்டார். "யோசிச்சுத்தான் அனுப்பினீங்களா?" என்றார். அளந்துதான் அனுப்பினேன் என்றேன்.

பயம் இருக்கிறது. ஆனால் இப்படிப் பசித்து ஒரு மாதமாகிறது. அம்மா ஐந்தாவது இட்லியை வைத்துவிட்டு, "வண்டி ஏறினதுக்கு இவனுக்கென்ன பசி?" என்கிறாள்.

இனிச் செய்ய வேண்டியவை:

1. ரயில் ஏறுவதற்கு முன் மகிமைநாதன் அண்ணனுக்குப் போன் செய்வது. அவர் எடுக்கும் வரை அடிப்பது. அறிக்கையில் எழுதியதை அவருக்கு நானே வாசித்துக் காட்டுவது.

2. அக்காவுக்கு நெயில் பாலிஷ், புதுக் குப்பி. சிவப்பு. வேறு நிறம் வாங்கி என் ரசனையைக் காட்டக் கூடாது.

3. லேத் பட்டறையின் காடியை மெழுகு வைத்து அடைத்துவிடும்படி அக்காவிடம் சொல்வது. சொல்வதற்கு முன், அடைக்கலாமா என்று கேட்பது.

4. நாளை பத்து மணிக்கு விசாரணை. ஒன்பதே முக்காலுக்கே உள்ளே போய், கேட்பதற்கு மட்டும் பதில் சொல்வது.

5. வேலை போனால் மேட்டுப்பாளையம் திரும்புவது. பத்மினியின் கிளட்ச் நழுவுகிறது. அக்கா முதலில் என்ன சொல்கிறாள் என்று கேட்டுவிட்டுத்தான் பானட்டைத் திறப்பது.

6. போகாவிட்டால், செவ்வாய்க்கிழமை காலை முதல் வேலை உச்சிச் சோதனை. பத்து நிமிடம்.

7. எது நடந்தாலும், நாளை கம்பெனி வாசலைத் தாண்டி வெளியே வருவதற்குள் அண்ணனைப் பார்த்து, அந்த மூன்றாம் நம்பர் பிஸ்டனைக் கையில் வாங்கி, ஓட்டை வழியாக வெளிச்சத்தைப் பார்ப்பது. அவரும் பக்கத்தில் நிற்க வேண்டும்.